தங்கள் சேவை தேவையில்லை

தகுதிகாண் பருவத்தில் இருப்பவரை வீட்டுக்கு அனுப்பக் காரணம் எழுதிவிடாதீர்கள். ‘ஒழுங்கீனம்’ என்று எழுதினால் குற்றச்சாட்டு, விசாரணை என்று தலைவலி. ‘தங்கள் சேவை இனி தேவையில்லை’ என்று ஒற்றை வரியில் முடித்தால், பெரும்பாலும் அது தண்டனையே அல்ல!

ஆனால் உச்ச நீதிமன்றத்துக்குத் திரையை விலக்கிப் பார்க்கும் கெட்ட பழக்கம் உண்டு. ஹைதராபாத் போலீஸ் அகாடமியில், ஒரு மழைநாள் காலைப் பயிற்சிக்குப் பயிற்சி அதிகாரிகள் எல்லோரும் 22 நிமிடம் தாமதம். தூண்டிவிட்டவர் என்று சந்தேகப்பட்ட தகுதிகாண் பருவ ஐ.பி.எஸ். அதிகாரியைக் காரணம் சொல்லாமல் அனுப்பினார்கள். மாறுவேடம் போட்ட தண்டனை என்று 1984-இல் உத்தரவு ரத்தானது.

1936-இல் ஆலைத் தொழிலாளர் உரிமை கேட்டுக் குண்டடிபட்ட ஊர் புதுச்சேரி. நீதிமன்றம் திரையை விலக்கும் என்று தெரிந்த இவ்வூர் மேனேஜர்கள் உஷார்: ராஜினாமாவைத் தாங்களே டைப் செய்து, பேனாவையும் நீட்டிவிடுகிறார்கள்.