மதுரை வக்கீலும் வாஷிங்டன் கடிதமும்

கேள்வி: வக்கீலாகவும் சட்டசபை உறுப்பினராகவும் நீதிபதியாகவும் விளங்கிய முன்னோடி ஒருவர் நம் தென்பகுதியில் உண்டா?
– வாசகர், கடையநல்லூர்

பதில்: உண்டு, 1842இல் மதுரையில் பிறந்த சர் எஸ். சுப்பிரமணிய ஐயரே அவர். இங்கிலாந்தில் பயின்ற பாரிஸ்டர்களுக்கே மதிப்பு மிகுந்திருந்த காலத்தில், இந்நாட்டுத் தேர்வில் தேறிய வழக்கறிஞரைக் குறித்த ‘வக்கீல்’ என்னும் நிலையில் மதுரையில் தொழில் தொடங்கிய அவர், 1884இல் சென்னைச் சட்டசபைக்கு உறுப்பினரானார். தேர்தல் இல்லாத அந்நாளில் ஆளுநரின் நியமனமே அதற்கு வழி. மறுஆண்டு பம்பாயில் கூடிய முதல் காங்கிரஸ் மாநாட்டிலும் கலந்துகொண்டார்.

கடையநல்லூர் வழக்குகளும் மேல்முறையீட்டுக்குச் சென்னைக்கே சென்றாக வேண்டியிருந்த காலத்தில், 1895இல் அவர் உயர்நீதிமன்ற நீதிபதியானார். தலைமை நீதிபதி நாற்காலி மூன்று முறை அவரிடம் வந்தும், நிரந்தரமாக ஒருமுறைகூட வரவில்லை. தகுதிக் குறைவு அதற்குக் காரணமன்று, அந்நாற்காலி பாரிஸ்டர்களுக்கென ஒதுக்கப்பட்டிருந்தது.

எனினும் அவருடைய மிகச் சிறந்த வாதம் ஓய்வுக்குப் பின்னரே அரங்கேறியது. தன்னாட்சி கோரிப் போராடிய அன்னி பெசன்ட் அம்மையார் காவலில் வைக்கப்பட்ட 1917இல், இந்தியாவுக்குத் தன்னாட்சி வேண்டி அமெரிக்கக் குடியரசுத் தலைவர் உட்ரோ வில்சனுக்கே அவர் கடிதம் எழுதினார். அதற்காக இந்தியாவுக்கான பிரிட்டிஷ் அமைச்சர் மாண்டேகு கடிந்துரைத்தபோது, எழுபத்தைந்து வயதைக் கடந்திருந்த அம்முதியவர் வருத்தம் தெரிவிக்கவில்லை; அரசு அளித்திருந்த ‘சர்’, ‘திவான் பகதூர்’ பட்டங்களைத் துறந்தார்.