ஏழு மாடி நீதி

நம் நாட்டில் எதையும் மறுபடி பரிசீலிக்கலாம். அரசாணையைப் பரிசீலிக்க உயர் நீதிமன்றம், அதைப் பரிசீலிக்க உச்ச நீதிமன்றம், உச்ச நீதிமன்றமே தன்னைப் பரிசீலித்துக்கொள்ளச் சீராய்வு மனு. அதற்கும் மேலே மாநில அமைச்சரவை இருக்கிறது. இந்தப் படிகள் அத்தனையையும் ஒரே வழக்கில் ஏறிப் பார்க்க ஆசைப்படுகிறவர் கொடைக்கானலிலிருந்து கிளம்பலாம்.

பிளசன்ட் ஸ்டே ஓட்டலுக்குக் கிடைத்த அனுமதி தரைத்தளமும் முதல் தளமும்தான். எழுந்ததோ ஏழு தளம். திருட்டுத்தனமாகக் கட்டினார்கள் என்று சொல்லிவிட முடியாது. ஏழு தளத்தை எந்த முந்தானைக்குள் மறைப்பது? மஞ்சு இறங்கிய நாளில் வேண்டுமானால் அதிகாரிகளுக்குத் தெரியாமல் போயிருக்கும். மஞ்சு விலகியதும் தெரிந்தது. தெரிந்ததும் கோப்பு நகர்ந்தது. இடிக்க அல்ல, வாழ்த்த. 1993இல் மலைப்பகுதிக்கென்று கட்டட விதிகள் வந்தன. 1994இல் அந்த ஓட்டலுக்கு விலக்கு அளித்து ஓர் அரசாணையும் வந்தது. விதி ஊருக்கு, விலக்கு ஓட்டலுக்கு.

பழனி மலைப் பாதுகாப்புக் குழு வழக்குப் போட்டது. 1995இல் உயர் நீதிமன்றம் அரசாணையை ரத்து செய்தது. ஓட்டல் டெல்லிக்கு ஓடியது, அங்கும் பலிக்கவில்லை. விதியை மீறி எழுந்த மாடிகள் இடிபட வேண்டும் என்று ஆகிவிட்டது. கட்டடத்தின் கதை இத்தோடு சரி. விலக்கு அளித்தவர்களின் கதைதான் நீளம்.

2000 பிப்ரவரி 2. அந்த அரசாணை தொடர்பான ஊழல் வழக்கில் முன்னாள் முதல்வர் ஜெயலலிதாவுக்குச் சிறப்பு நீதிமன்றம் ஓராண்டுக் கடுங்காவல் விதித்தது. அவருடைய கட்சிக்காரர்களும் அன்றே தங்கள் சீராய்வைத் தொடங்கிவிட்டார்கள். மனு, முத்திரை, வக்கீல் எதுவும் தேவைப்படவில்லை. பெட்ரோல் போதுமானதாக இருந்தது. தருமபுரி இலக்கியம்பட்டியில் கோவை வேளாண் பல்கலைக்கழக மாணவிகள் கல்விச் சுற்றுலா வந்த பேருந்து. மூன்று பெண்கள் உள்ளேயே கருகினார்கள். கொடைக்கானலில் எத்தனை மாடி கட்டலாம் என்பதற்கும் அந்தப் பிள்ளைகளுக்கும் என்ன சம்பந்தம்? ஒரு சம்பந்தமும் இல்லை. பேருந்து அந்த வழியாக வந்தது, அவ்வளவுதான்.

இருபத்திரண்டு மாதம் கழித்து, 2001 டிசம்பர் 4ஆம் தேதி, உயர் நீதிமன்றம் ஜெயலலிதாவை விடுவித்தது. அடுத்த மார்ச்சில் அவர் மறுபடி கோட்டையில். மூன்று பேரை எரித்துக் கண்டித்த அந்தத் தண்டனை, சட்டத்தின் கணக்கில் இப்போது இல்லவே இல்லை. கொஞ்சம் பொறுத்திருந்தால் மேல்முறையீடே முடித்துக்கொடுத்திருக்கும் வேலை அது. ஆத்திரக்காரனுக்குப் புத்தி மட்டு என்பார்கள். கட்சிக்காரனுக்கு அந்த மட்டும் கிடையாது.

பேருந்து வழக்கு தன் பாட்டுக்கு ஊர்ந்தது. சாட்சிகள் ஒவ்வொருவராகப் பிறழ, விசாரணையைச் சேலத்துக்கு மாற்ற வேண்டி வந்தது. 2007இல் மூன்று பேருக்குத் தூக்கு. உயர் நீதிமன்றம் உறுதி செய்தது. 2010இல் உச்ச நீதிமன்றமும் உறுதி செய்தது. 2016 மார்ச்சில் அதே உச்ச நீதிமன்றம் சீராய்வு மனுவை விசாரித்து ஆயுளாகக் குறைத்தது. தூக்குக் கயிறு எனக்கும் ஆகாது. குறைத்ததில் எனக்கு வருத்தமில்லை. காரணம்தான் தொண்டையில் நிற்கிறது. கும்பலின் வெறியில் நிதானம் இழந்து செய்தார்களாம். இது சட்டமானால், கொலை செய்ய நினைப்பவர் தனியாகப் போவது மடத்தனம். நாலு பேரைச் சேர்த்துக்கொள்ளுங்கள், கையில் ஒரு கொடி இருக்கட்டும், வாயில் ஒரு கோஷம். நிதானம் தானாகவே போய்விடும். கதவுப் பக்கம் முண்டியடித்த பிள்ளைகளின் நிதானத்தைப் பற்றி யாரும் மனுப் போடவில்லை. அவர்களும் கும்பல்தான், நாற்பதுக்கும் மேற்பட்ட பெண்கள்.

ஆயுள் என்றால் ஆயுள்வரை என்று நினைத்தவர்கள் 2018 நவம்பரில் திருந்தினார்கள். எம்.ஜி.ஆர். நூற்றாண்டையொட்டிக் கைதிகளை விடுவித்தபோது இந்த மூவரும் வேலூர்ச் சிறையிலிருந்து வெளியே வந்தார்கள். தலைவர் பிறந்து நூறு ஆண்டு ஆனதற்குத் தொண்டருக்குப் பரிசு! இளம் வயதிலேயே எரிக்கப்பட்டவர்களுக்கு எந்த நூற்றாண்டில் என்ன சலுகை என்று அந்த அரசாணையில் தேடாதீர்கள்.

மலை என்ன ஆயிற்று என்றா கேட்கிறீர்கள்? நன்றாகவே வளர்கிறது, மாடி மாடியாக. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை மறுபடி கொதித்து, 2019இல் கொடைக்கானலில் விதிமீறிய கட்டடங்களுக்கு வரிசையாகச் சீல் விழுந்தது. வைத்த சீலின் அரக்கு ஆறுமுன்னே வியாபாரிகளின் கண்ணீர் கோட்டைக்குப் போய்ச் சேர்ந்தது, 'வரன்முறைப்படுத்துதல்' என்ற அந்த இனிய சொல் திரும்பி வந்தது. மீறியவனுக்கு ரசீது, மீறாதவனுக்கு ஏமாளிப் பட்டம்.

2024 மே மாதம் முதல் கொடைக்கானல் போக இ-பாஸ் வேண்டும். மலை எவ்வளவு வண்டி தாங்கும் என்று நீதிமன்றத்துக்குக் கவலை, நியாயமான கவலை. எனவே திண்டுக்கல்லிலிருந்து ஒரு நாள் ஏரியைப் பார்க்கக் கிளம்பும் குடும்பம் வண்டி எண், வருகிற தேதி, எத்தனை பேர், எங்கே தங்கல் எல்லாம் எழுதிக் கொடுத்துவிட்டுத்தான் மலையேற வேண்டும். அவர்களுக்குப் பின்னால் ஜல்லியும் கம்பியும் ஏற்றிக்கொண்டு முனகி ஏறுகிறதே ஒரு லாரி, அதை நிறுத்தி, "அண்ணே, இது எத்தனையாவது மாடிக்கு?" என்று கேட்க ஒரு கட்டம் அந்தப் படிவத்தில் உண்டா?