சந்திரசூரியர் உள்ளவரை ஐந்நூறு ரூபாய்

கள்ளக்குறிச்சிப் பேருந்து நிலையத்தில் திருக்கோவிலூர் வண்டியை எதிர்பார்த்துக் குடையை ஊன்றி நின்றிருந்த என்னை, 2018-ஆம் வருஷத்து வெயில் நாளொன்றில், கழுத்தில் அடையாள அட்டையும் கையில் பரீட்சை அட்டையுமாக ஒரு வாலிபன் அணுகி, "சார், ரெண்டே நிமிஷம்" என்று விண்ணப்பித்துக்கொண்டான். முப்பத்துமூன்று வருஷ காலம் தமிழாசிரியனாக இருந்து ஓய்வுபெற்றவனைக் கண்டால், அந்த இரண்டு நிமிஷத்தைக் காப்பாற்றிக்கொள்ளும் பொருட்டு எதிர்ச்சாரிக்குப் போய்விடுகிறவர்களையே கண்டு பழகிய நான், தானாக வந்து சேர்ந்த அந்தப் பிள்ளையின்பால் உடனே பிரீதி கொண்டேன். "எந்த ஊரு சார்?" என்றான். "கருணாபுரம்" என்றேன். "பேருலயே கருணை இருக்கே சார்!" என்று அவன் ஆனந்தப்பட்ட கணத்தில் என் கதி நிர்ணயமாகிவிட்டது. மதுரைக்காரர் ஒருவர் 'இல்லை' என்று சொன்னால் அது அவருடைய சொந்த அபிப்பிராயம். கருணாபுரத்தான் சொன்னாலோ, ஊருக்குப் பெயர் வைத்தவனையே பொய்யனாக்கிய பாவம் வந்து சேருகிறது. ஏழைக் குழந்தைகளின் படிப்புக்காக மாதம் ஐந்நூறு ரூபாய், ஏழாம் தேதிதோறும், என் பென்ஷன் கணக்கிலிருந்து தானே எழுந்து நடந்து போகும்படியான படிவமொன்றில் மூன்று இடங்களில் கையொப்பமிட்டேன். எத்தனை காலத்துக்கு என்று கேட்ட கட்டத்தில், 'ரத்து செய்யும் வரை' என்னும் வாசகத்தின் அருகே, அவனே சிரமம் பாராமல் ஒரு டிக் அடித்துக் கொடுத்தான்.

அந்த டிக்கின் மகிமையை அப்பொழுது நான் உணரவில்லை. சோழர் காலத்துக் கோயில்களில் நந்தா விளக்கு எரிக்கத் தொண்ணூற்றாறு ஆடுகளை விட்டுவைத்து, நாள்தோறும் உழக்கு நெய் அளக்க ஏற்பாடு செய்து, அதனைச் சந்திரசூரியர் உள்ளவரை நடத்த வேண்டுமென்று கல்லில் வெட்டினார்களே, அந்த ஆடுகளுக்குச் சாவா மூவாப் பேராடு என்று பெயர். ஆடு சாகாதா, கிழடு தட்டாதா என்று வகுப்பில் ஒரு பையன் என்னைக் கேட்டதுண்டு. செத்தால் என்ன, குட்டி போடாதா, எண்ணிக்கை குறையாமல் இடையன் பார்த்துக்கொள்வான், ஆகையால் கணக்கில் ஆடு சாகவே சாகாது என்று விளக்கினேன். அன்றைக்குப் பாடமாகச் சொன்னதை இன்றைக்கு என் பாஸ்புக்கில் அனுபவமாகக் கண்டேன். 2019-ஆம் வருஷம் நவம்பர் மாதத்தில் விழுப்புரம் ஜில்லாவிலிருந்து எங்களைப் பிரித்துக் கள்ளக்குறிச்சியைத் தனி ஜில்லாவாக்கினார்கள், பெருந்தொற்று வந்தது, என் வலது கண்ணில் புரை உரித்தார்கள், ஏழாம் தேதி காலையில் மட்டும் கைப்பேசி தவறாமல் 'டிங்' என்றது. என்னுடையது சாவா மூவா ஐந்நூறு.

அதை நிறுத்த வேண்டிய அவசியம் நேர்ந்த விதத்தையும் சொல்லிவிடுகிறேன். 2024-ஆம் வருஷம் ஜூன் மாதத்தில், மெத்தனால் கலந்த சாராயத்தால் அறுபதுக்கு மேற்பட்டோர் மாண்டு, எங்கள் கருணாபுரத்தின் பெயர் தேசமெங்கும் ஒலித்தது. இந்தக் கட்டுரையின் தோரணையில் பேசத்தக்க விஷயமன்று அது. ஒன்றை மாத்திரம் சொல்லி நகர்கிறேன். அப்பொழுது தெருவுக்குள் நுழைய முடியாதபடி கார்கள் வந்தன, அரிசி வந்தது, போர்வை வந்தது, வந்தவர்களெல்லாம் குழந்தைகளின் தலையைத் தடவினார்கள். ஐப்பசி மழை பிடிப்பதற்குள் எல்லாம் நின்றுபோயிற்று. எவரும் படிவம் கொடுத்து நிறுத்தவில்லை; ரத்து செய்யச் சொல்லி எவரும் வரிசையில் நிற்கவில்லை. பெற்றோர் இருவரையும் இழந்த பிள்ளைகளுக்குப் பதினெட்டு வயது வரை மாதம் 5,000 ரூபாய் என்று அரசாங்கம் அறிவித்தது. அது படிவமுள்ள தர்மம், ஆகையால் நிற்காது என்பது என் துணிபு.

என் மனைவி பிடியரிசிக்காரி. உலையில் போட எடுத்துவைக்கும் அரிசியிலிருந்து, களைவதற்கு முன், ஒரு பிடியை எடுத்து மூடி நசுங்கிய பழைய ஹார்லிக்ஸ் பாட்டில் ஒன்றில் போடுவது அவளுடைய தாயார் காலத்து வழக்கம். காஞ்சிப் பெரியவர் பிடியரிசித் திட்டத்தை ஊர் ஊராகப் பிரசாரம் செய்வதற்கு முன்னாலேயே தங்கள் வீட்டில் அது நடந்ததென்று அவள் சாதிப்பாள். அந்த ஜூன் மாதத்துக்குப் பிறகு ஒரு பாட்டில் மூன்று பாட்டிலாயிற்று; அரிசியோடு நோட்டுப் புத்தகமும், பிறகு பஸ் காசும் பக்கத்துத் தெருவுக்குப் போகலாயின. பென்ஷன் ஒன்று, தர்மம் இரண்டு என்ற நிலையில், "எங்கியோ போற ஐந்நூறு, இங்க எதிர் வீட்டுக்குப் போகக் கூடாதாங்க?" என்று அவள் கேட்டாள். நிறுத்துவதென்று தீர்மானித்தேன். "எப்படி நிறுத்துறது?" என்றேன். தன் பாட்டிலை மூடிக் காட்டினாள்.

என்னுடைய பாட்டிலுக்கு மூடி இருக்குமிடம் எனக்குத் தெரியவில்லை. தர்ம ஸ்தாபனத்தின் தொலைபேசி எண்ணைச் சுற்றினேன். தமிழுக்கு ஒன்றை அழுத்தச் சொன்னார்கள். புதிதாக நன்கொடை தர ஒன்று, தருகிற நன்கொடையை உயர்த்த இரண்டு, ரசீது பெற மூன்று என்று தேனொழுகச் சொல்லிக்கொண்டு போன குரல், நிறுத்துவதற்கு என்று ஓர் எண்ணை உச்சரிக்கவே இல்லை. ஒன்பதை அழுத்தி, பதினொரு நிமிஷம் புல்லாங்குழல் கேட்டு, கடைசியில் அகப்பட்ட பெண்மணியிடம் என் கோரிக்கையைச் சமர்ப்பித்தபொழுது, அவள் கோபித்துக்கொண்டிருந்தால் நான் வென்றிருப்பேன். அவளோ என்னைப் பாராட்டினாள். "ஆறு வருஷமா ஒரு மாசங்கூட விடலையே ஐயா" என்றாள். "நிறுத்தாதீங்க, மூணு மாசம் ரெஸ்ட் எடுத்துக்கங்க" என்றாள். களைத்துப்போன தர்மவான் என்ற ஸ்தானம் எனக்குப் பிடித்துப்போயிற்று. ஓய்வெடுத்த ஐந்நூறு, நான்காம் மாதம் புதுத் தெம்போடு கிளம்பிற்று.

அடுத்தபடியாக, ஆறாம் தேதி இரவே பணத்தையெல்லாம் ஏடிஎம்மில் எடுத்துவிடும் உபாயத்தைக் கையாண்டேன். தர்மம் செய்யப் பணமில்லாத குற்றத்துக்காக வங்கி 295 ரூபாய் பிடித்துக்கொண்டது. அதற்கு 80ஜி ரசீதும் இல்லை. இதைக் கேள்வியுற்ற நண்பரொருவர், பணம் செலுத்தும் முறைகளைப் பற்றிய 2007-ஆம் வருஷத்துச் சட்டத்தின் இருபத்தைந்தாம் பிரிவில், செக் திரும்பினாற்போலவே இதற்கும் இரண்டு வருஷம் வரை சிறை உண்டென்று சொல்லி என் தூக்கத்தைக் கெடுத்தார். தர்மம் செய்த காரணத்துக்காகச் சிறை புகுந்த முதல் தமிழாசிரியன் என்ற கியாதியை எண்ணிப் புரண்டுகொண்டிருந்தேன். மறுநாள் ஒரு வக்கீல்தான் தேற்றினார்: அந்தப் பிரிவு, சட்டப்படி வசூலிக்கத்தக்க கடனுக்கே பொருந்தும், நன்கொடை கடனாகாது, 1872-ஆம் வருஷத்து ஒப்பந்தச் சட்டத்தில், அதே இருபத்தைந்தாம் பிரிவு, பிரதிபலன் இல்லாத வாக்குறுதி பொதுவாகச் செல்லாது என்கிறது. இத்துடன் அவர் நிறுத்தியிருக்கலாம். ஆனால் ஹௌராவில் நகர மண்டபம் கட்ட நூறு ரூபாய் தருவதாகக் கையெழுத்திட்டுவிட்டுப் பின்வாங்கிய கோரி மகமது என்பவரை, அந்தக் கையெழுத்துகளை நம்பிக் கட்டடத்துக்கு ஒப்பந்தம் செய்துவிட்டார்கள் ஆதலால் கொடுத்தே தீர வேண்டுமென்று 1886-இல் கல்கத்தா ஹைகோர்ட் தீர்த்ததையும், மசூதியைப் பழுதுபார்க்க ஐந்நூறு ரூபாய் தருவதாகச் சொன்ன ஒருவரை, வேலை எதுவும் தொடங்கப்படவில்லை ஆதலால் 1914-இல் அலகாபாத் ஹைகோர்ட் விட்டுவிட்டதையும் சேர்த்துச் சொன்னார். ஐந்நூறு என்ற தொகை அலகாபாத்தில் தப்பித்ததே எனக்குப் போதுமான ஆறுதலாயிருந்தது.

இதெல்லாம் எங்கள் ஜில்லாவின் மண்வாகு என்பது என் சித்தாந்தம். திருக்கோவிலூரில் உலகளந்த பெருமாள் இன்றும் தூக்கிய திருவடியை இறக்காமல் நிற்கிறார். மாவலியின் தானத்தை நடுவில் நிறுத்த முயன்ற ஒரே ஆசாமி சுக்கிராச்சாரியார். வண்டு உருவெடுத்துக் கமண்டலத்தின் மூக்கை அடைத்தார், தர்ப்பையால் குத்துப்பட்டு ஒரு கண்ணை இழந்தார். நானும் ஓர் ஆசிரியன், எனக்கும் ஒரு கண்ணில் ஆபரேஷன் என்பதை வாசகர்கள் நினைவில் வைக்கவும். கடையெழு வள்ளல்களில் ஒருவனான மலையமான் காரி ஆண்டதும் திருக்கோவிலூரே. நிறுத்தத் தெரிந்தவன் அந்தப் பட்டியலில் எப்படி இடம் பெறுவான்? மெய்ப்பொருள் நாயனாரோ, சிவவேடத்தில் வந்து குத்தியவனைப் பத்திரமாக எல்லை வரை கொண்டுபோய் விடும்படி தத்தனுக்கு ஆணையிட்டு, விட்டாயிற்று என்ற செய்தி வரும்வரை உயிரையும் பிடித்துவைத்துக்கொண்டிருந்தார். இத்தகைய மண்ணில், கல்வராயன் மலையின் ஜாகீர்தார்கள்கூட 1976 வரை வாங்குவதை நிறுத்தாமலிருந்ததில் ஆச்சரியமென்ன. அதற்கு ஓர் அரசாங்கமே வர வேண்டியிருந்தது.

எனக்கு வாய்த்தது வங்கியின் நான்காம் கவுண்டர். என் ஆட்டோ டெபிட்டுக்கென்று இருபது எழுத்தும் எண்ணுமாக ஓர் அடையாளக் குறி உண்டென்றும், அதைக் குறிப்பிட்டு எழுதிக் கொடுத்தால் ஸ்தாபனத்தைக் கேட்காமல் வங்கியே ரத்து செய்யலாமென்றும் அறிந்து, கல்யாணப் பத்திரிகை ஒன்றின் முதுகில் அதைக் குறித்துக்கொண்டு போனேன். (அட்டையில் பிடிக்கிற தவணையானால், 2021 அக்டோபர் முதல், பிடிப்பதற்கு இருபத்துநான்கு மணி நேரம் முன்னதாகவே சொல்லி, வேண்டாமென்றால் விலகிக்கொள்ளவும் வழி தர வேண்டுமென்பது ரிசர்வ் வங்கியின் விதி, யுபிஐயானால் கைப்பேசியிலேயே ரத்து செய்யலாம், என் பேரன் சினிமாச் சந்தா ஒன்றைக் கொட்டாவி விட்டு முடிப்பதற்குள் ஒழித்தான். என்னுடையதோ மையால் எழுதிய விதி.) படிவத்தைப் பூர்த்தி செய்தேன். 'காரணம்' என்று ஓர் அங்குல இடம் விட்டிருந்தார்கள்.

தர்மத்தை நிறுத்துவதற்கான காரணத்தை ஓர் அங்குலத்தில் எழுதும் வித்தையை எந்த இலக்கண நூலும் கற்பிக்கவில்லை. 'பணமில்லை' என்றால், பென்ஷன் வந்து விழுவது இதே கவுண்டரின் கண்ணெதிரே. 'விருப்பமில்லை' என்பதோ, முகவரியில் கருணாபுரம் என்று எழுதிய பேனாவாலேயே எழுதக்கூடியதன்று. பேனாவை மூடித் திறந்துகொண்டிருந்த என்னை, கண்ணாடிக்கு அப்பாலிருந்து ஒரு குரல், "ஐயா, என்னைத் தெரியலீங்களா? டென்த் பி!" என்றது. ஏற இறங்கப் பார்த்தேன். வீட்டுப்பாடம் எழுதாமல் வந்ததற்காக ஈகை அதிகாரம் முழுவதையும் பத்துத் தடவை நான் எழுதச் சொன்ன பெண். அவள் படிவத்தை வாங்கிப் படித்தாள். மறுபடியும் படித்தாள். குரலைத் தாழ்த்தி, "நீங்களா ஐயா நிறுத்துறீங்க?" என்றாள்.

என் வாழ்நாளில் நான் சொன்ன பதவுரை, பொழிப்புரை, விசேடவுரை அனைத்தும் அந்தக் கண்ணாடித் துவாரத்தின் வழியே என்னிடம் திரும்பி வந்தன. பாட்டில், பக்கத்துத் தெரு, நோட்டுப் புத்தகம் என்று கோவையில்லாமல் ஏதோ குழறினேன். அவள் முழுவதும் கேட்காமலே, காரணம் என்ற இடத்தில் 'வாடிக்கையாளரின் வேண்டுகோள்' என்று எழுதி, டப்பென்று முத்திரை குத்தினாள். "இதுக்கு எல்லாரும் இப்படித்தான்யா எழுதுவாங்க" என்றாள். பத்துத் தடவை எழுதியதில் அவள் கையெழுத்து எவ்வளவு திருத்தமாக ஆகியிருக்கிறதென்பதைக் கவனித்தேன்.

அடுத்த ஏழாம் தேதி காலையில் கைப்பேசி 'டிங்' என்னவில்லை. பத்து மணிக்குள் நான்கு தடவை அதை எடுத்துப் பார்த்தேன். வீட்டில் இருப்புக் கொள்ளாமல் பத்திரிகை வாங்கும் சாக்கில் பேருந்து நிலையத்துக்குப் போனேன். கழுத்தில் அட்டையும், கையில் இப்பொழுது பரீட்சை அட்டைக்குப் பதிலாக ஒரு டேப்லெட்டுமாக வேறொரு வாலிபன் என்னை நோக்கி வந்தான்.

"சார், ரெண்டே நிமிஷம். எந்த ஊரு சார்?"

"சங்கராபுரம்" என்றேன், வாய் கூசாமல்.

"நம்ம பஸ்ஸு சார், கெளம்பப் போவுது, ஓடுங்க!" என்று அவன் என் கையைப் பிடித்துப் படியில் ஏற்றி, கண்டக்டரிடம் "பெரியவருக்கு எடம் குடுங்கண்ணே" என்றும் சொல்லி, வண்டி நகரும் வரை புன்னகையோடு நின்றிருந்தான். பத்து ரூபாய்க்கு டிக்கெட் எடுத்துக்கொண்டு, முதல் நிறுத்தத்தில் இறங்கி, குடையை விரித்து ஊரை நோக்கி நடந்தேன்.