ஒய்பி வந்துகிட்டே இருக்காரு

புக்கிட் பெலிம்பிங் பக்கம் கோயில் திருவிழா என்றால் அழைப்பிதழில் இரவு 7.30 என்று போட்டிருக்கும். அது சாமிக்கும் பக்தர்களுக்கும். ஒய்பிக்கு, அதாவது தொகுதியின் மாண்புமிகு எம்.பி.க்கு, ஒன்பதரை. "எங்கய்யா வர்றாரு?" என்று கோயில் தலைவர் போன் போட்டால், "ஈஜோக் தாண்டிட்டாருங்கண்ணே" என்பார் பிஏ. அரை மணி கழித்துக் கேட்டாலும் ஈஜோக்தான்.

வந்துவிட்டால் எல்லாம் மளமளவென்று நடக்கும். மாலை, பொன்னாடை, குத்துவிளக்கு, கடைசியில் கதவளவு அட்டையில் ஒரு மாதிரிக் காசோலை. படம் எடுத்து முடித்ததும் அந்த அட்டையை எங்கே சாத்திவைப்பது என்று கமிட்டி முழிக்கும். ஒய்பி பந்தியில் உட்காரமாட்டார். அடுத்த நிகழ்ச்சிக்கு நேரமாகிவிட்டது. அவருக்குக் கட்டிய பொட்டலம் பிஏ கையில் போகும்.

மக்களவையில் இவரைப்போல் 222 பேர். இவர்களின் மாதப்படி 2015இல் 16,000 வெள்ளியானது. சட்டம் இயற்றத்தான் சம்பளம். ஆனால் லயத்திலிருந்து வந்த அக்கா கேட்பதோ அடைத்துக்கொண்ட சாக்கடை, எரியாத தெருவிளக்கு, மகனுடைய சிவப்பு ஐசி. அக்காவைக் குறை சொல்ல முடியாது. ஊராட்சித் தேர்தலை 1965இல் நிறுத்தியவர்கள் திரும்ப நடத்தவே இல்லை. ஓட்டுக் கேட்டு வருகிறவர் மாட்டினால்தானே சாக்கடையைக் காட்ட முடியும்?

சாக்கடைக்கு விடிவு வேண்டுமென்றால் இடைத்தேர்தல் வரவேண்டும். 2007 ஏப்ரலில் ஈஜோக் சட்டமன்றத்துக்கு வந்தது. காத்துக்கிடந்த சாலைகளுக்கெல்லாம் திடீரென்று தார் வந்தது, ம.இ.கா.வின் பார்த்திபன் எதிரணியின் காலிட் இப்ராகிமை 1,850 ஓட்டில் வென்றார். மறு ஆண்டே அதே ஈஜோக் காலிட்டைத் தேர்ந்தெடுத்தது. அவர் மந்திரி பெசாராகவே ஆகிவிட்டார். தார் நன்றாகக் காய்ந்துவிட்டது போலும்.

தோற்ற ஒய்பிக்காகக் கண்ணீர் விடுவது வீண். 1990 முதல் உலு சிலாங்கூரை வைத்திருந்த பழனிவேல், 2008இல் வெறும் 198 ஓட்டில் இழந்தார். பிறகு மேலவை, துணையமைச்சர், ம.இ.கா. தலைவர், அமைச்சர் என்று படியேறி, 2013இல் கேமரன் மலையில் 462 ஓட்டில் மக்களவைக்குத் திரும்பினார். சமவெளி கைவிட்டால் மலை இருக்கிறது.

கோலசிலாங்கூர் இதையும் மிஞ்சியது. 2022 நவம்பரில் அப்போதைய நிதியமைச்சர் தெங்கு சப்ருலை டாக்டர் சுல்கிப்ளி அமாட் 1,002 ஓட்டில் தோற்கடித்தார். தோற்றவர் இரண்டே வாரத்தில் செனட்டராகி வாணிப அமைச்சரானார். வென்றவருக்கு அமைச்சர் பதவி கிடைக்க மறு ஆண்டு டிசம்பர் ஆனது.

அதன்பிறகு விவரமான கமிட்டிக்காரர்கள் சாக்கடை மனுவை இரண்டு நகல் எடுக்கிறார்கள். ஒன்று ஜெயித்தவருக்கு, ஒன்று தோற்றவருக்கு. 'மாண்புமிகு' என்று டைப் அடித்து, பெயருக்கு மட்டும் இடம் விட்டுவைக்கிறார்கள்.