28 நொடி

நான் தொழில் பழகிய போலெக்ஸ் 16 எம்.எம். கேமராவுக்கு பேட்டரி தேவையில்லை. பக்கவாட்டுப் பிடியைச் சுற்றிச் சாவி கொடுக்க வேண்டும். முழுச் சாவிக்கு 28 நொடி ஓடும், பிறகு நின்றுவிடும். 100 அடிச் சுருள் மொத்தமே இரண்டே முக்கால் நிமிடம்.

ஆடிக் கிருத்திகைக்குத் திருத்தணி மலைப்படியில் நின்று பார்த்தவர்களுக்குத் தெரியும், 28 நொடி எவ்வளவு கொஞ்சம் என்று. சித்தூர்ப் பக்கத்துப் பெரியவர் ஒருவர் புஷ்பக் காவடியைத் தோள் மாற்றி, மூச்சு வாங்கி, அடுத்த படியில் காலை வைப்பதற்குள் கேமரா நின்றிருக்கும். அதனால் முதலில் பார்க்கக் கற்றோம். எந்தக் காலில் பாரம் போடுகிறார், மேளக்காரர் எப்போது வேகம் கூட்டுவார், கூட்டம் எந்த இடத்தில் 'அரோகரா' சொல்லும் என்பதெல்லாம் மனதில் ஏறிய பிறகே விரல் பொத்தானுக்குப் போகும்.

இன்று அதே படிகளில் போன் இல்லாத கையைப் பார்ப்பது அரிது. அதில் எனக்குச் சந்தோஷம்தான். தங்கள் வேண்டுதலை வீட்டுப் பெண்கள் தாங்களே படம் பிடிக்கிறார்கள். அன்று என்னைப் போல் வெளியாள் யாராவது வந்தால்தான் உண்டு. என் கவலையெல்லாம் எடுத்தது எங்கே போகிறது என்பதுதான். போன் மாறினால் திருவிழாவும் போய்விடுகிறது.

ஆவணப்படத் தொழிலில் எங்களுக்கெல்லாம் மூத்தவர் கோட்டையூர் ஏ.கே. செட்டியார். காந்தியைப் பற்றிப் படம் எடுக்க வேண்டும் என்று 1937-ல் கப்பல் பயணத்தில் அவருக்குத் தோன்றியது. அப்போது முப்பது வயதுகூட ஆகவில்லை. நாடு நாடாக அலைந்து, யார் யாரோ எடுத்து வைத்திருந்த சுருள்களைத் தேடி 50,000 அடி சேர்த்தார். அதிலிருந்து 12,000 அடிப் படம். 1940 ஆகஸ்ட் 23 அன்று சென்னை ராக்ஸி தியேட்டரில் வெளியானது; தெலுங்கிலும் வந்தது. இரண்டு மொழியும் ஒரே தெருவில் புழங்கும் எங்கள் ஊர்க்காரனுக்கு அது பெரிய விஷயம். பிறர் தொலைத்துவிடக்கூடியதை எல்லாம் தேடிச் சேர்த்தவரின் படமே பின்னாளில் காணாமல் போனது. வரலாற்றாசிரியர் ஆ. இரா. வேங்கடாசலபதி விடாமல் தேடியதில், அதன் சுருக்கிய வடிவம் ஒன்று சான் பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் கிடைத்தது. படம் தொலைந்ததை நினைத்தால் இன்றும் எனக்கு மனம் ஆறவில்லை.

ஆவணப்பட இயக்குநர் ஆர்.வி. ரமணிக்கு நேர்ந்தது வேறு விதமான இழப்பு. அவர் புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்தவர். 2004 சுனாமியில் கேமராவைப் பறிகொடுத்தார். அந்த இழப்பையே 'மை கேமரா அண்ட் சுனாமி' என்று படமாக்கினார். சொந்தக் காசில், சொந்தக் கேமராவில் வேலை செய்பவனுக்குக் கேமரா என்றால் என்னவென்று அந்தப் படம் சொல்லும்.

போலெக்ஸுக்குப் பிறகு நான் மினி டி.வி. (MiniDV) கேசட் கேமராவுக்கு மாறினேன். அந்தக் கேசட்டுகளை இப்போது கணினியில் ஏற்றிக்கொண்டிருக்கிறேன். ஒரு மணி நேரக் கேசட்டுக்கு ஒரு மணி நேரம் ஆகும், குறுக்கு வழி கிடையாது. சிலவற்றில் பூஞ்சை பிடித்திருக்கிறது. ஹெட்டைத் துடைத்துத் துடைத்து ஓட்ட வேண்டும். ஒவ்வொன்றையும் இரண்டு ஹார்டு டிஸ்கில் வைக்கிறேன். யார், எந்த ஊர், எந்த வருடம் என்று நோட்டில் எழுதுகிறேன். தெலுங்கில் பாடிக்கொண்டே படியேறும் ஒரு குடும்பத்தின் பெயர் மட்டும் தெரியவில்லை. பேச்சை வைத்துப் பார்த்தால் நகரிப் பக்கம் போலிருக்கிறது. அவர்கள் முகங்களைப் பிரின்ட் போட்டு வைத்திருக்கிறேன். அடுத்த வாரம் போய் விசாரிக்க வேண்டும்.