வீட்டுக்கடன் வேந்தர் மெய்க்கீர்த்தி

சோழ மன்னர்கள் தங்கள் பெருமையைக் கல்லில் வெட்டி வைத்தார்கள். வென்ற நாடுகள், கவர்ந்த பொருள், பிடித்த யானைகள் எல்லாம் கல்வெட்டின் தொடக்கமான மெய்க்கீர்த்தியிலேயே அணிவகுத்து வந்துவிடும். கொஞ்சம் தற்பெருமைக்காரர்கள் என்றுதான் சொல்ல வேண்டும். எங்கள் வேந்தர், சர்வலோக ரட்சகர், மத்திய வர்க்க குலதெய்வம், மகாராஜராஜஸ்ரீ வீட்டுக்கடனார் அவர்கள் அந்த ரகமே அல்லர். ஒரு குடும்பத்திடமிருந்து இருபது ஆண்டுகளில் தாம் கொள்ளப்போகும் திறை மொத்தம் எவ்வளவு என்பதைத் தம் திருவாயால் ஒருநாளும் மொழியாத அடக்கசீலர் அவர். மாதத் தவணை என்னும் சின்னஞ்சிறு எண்ணை மட்டும் ஒரு தாமரை மொட்டைப்போல் நம் கையில் வைத்துவிட்டு, மற்றதையெல்லாம் புன்னகையில் மறைத்துக்கொள்வார். அடக்கம் அமரருள் உய்க்குமோ இல்லையோ, அவருடைய அடக்கம் அவரைக் கோடீஸ்வரர் ஆக்கியிருக்கிறது.

என் அக்கா மகனுக்குச் சென்ற மாதம் வேந்தரின் அருட்பார்வை கிட்டியது. கூடுவாஞ்சேரியில் அடுக்ககத்தில் ஒரு வீடு, விலை 62.5 லட்சம். கடன் 50 லட்சம், வட்டி எட்டரை சதவீதம், இருபது வருஷம். “மாசம் நாற்பத்து மூணாயிரத்துச் சொச்சம்தான் மாமா வருது” என்றான். அந்தத் ‘தான்’ என்ற இடைச்சொல்லின் அழகில் நான் சற்று நேரம் மெய்மறந்துவிட்டேன். இலக்கணிகள் அதற்கு என்னென்னவோ பொருள் சொல்வார்கள். 43,391 ரூபாயை 240 முறை கட்டினால் 1 கோடியே 4 லட்சத்து 14 ஆயிரம் ரூபாய் ஆகிறது என்ற உண்மையை முழுதாகப் போர்த்தி மூடும் அளவுக்கு அகலமான பட்டுச் சால்வை அது என்பதை மட்டும் எந்த இலக்கணியும் இதுவரை எழுதவில்லை. கொடுத்தது 50, வட்டி 54. குட்டி தாயைவிடப் பெரிதாக வளர்ந்திருக்கும் அதிசயத்தைப் பார்க்க வண்டலூர் உயிரியல் பூங்காவுக்குப் போக வேண்டியதில்லை, கூடுவாஞ்சேரியிலேயே பார்க்கலாம்.

வேந்தரின் விருந்தோம்பல் முறையையும் சொல்ல வேண்டும். ‘பந்திக்கு முந்து’ என்று நம் முன்னோர் சொன்னதை இவ்வளவு பயபக்தியோடு கடைப்பிடிப்பவர் வேறொருவர் இல்லை. முதல் மாதத் தவணை 43,391 ரூபாய் இலையில் விழுந்ததும் வட்டியார் 35,417 ரூபாயை எடுத்துக்கொண்டு அமர்கிறார். கையைக் கழுவிக்கொண்டு வாசலில் காத்திருக்கும் அசலுக்கு மிஞ்சுவது 7,974. அடுத்த மாதம் சற்றுக் கூட, அதற்கடுத்த மாதம் இன்னும் சற்றுக் கூட என்று அசலுக்கும் ஒரு கவளம் ஏறிக்கொண்டுதான் போகும். வேந்தர் அநியாயக்காரர் அல்லர். வட்டியைவிட அசலுக்கு அதிகம் விழும் திருநாள் 143-ஆவது மாதத்தில் வந்தே தீரும். பால் காய்ச்சிய அன்று பிறந்த குழந்தை அப்போது ஏழாம் வகுப்பில் படித்துக்கொண்டிருக்கும்.

ஐந்து ஆண்டுகள் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டிவிட்டு, ‘பாதியாவது குறைந்திருக்கும்’ என்ற பேராசையோடு ஸ்டேட்மெண்ட் கேட்டுப் போகிறவர்களை வேந்தர் எவ்வளவு கனிவாக நல்வழிப்படுத்துகிறார் என்று பாருங்கள். கட்டியது 26 லட்சத்து 3 ஆயிரம். கடனில் குறைந்தது 5 லட்சத்து 94 ஆயிரம். பாக்கி 44 லட்சத்து 6 ஆயிரம். ஆசையே துன்பத்துக்குக் காரணம் என்று போதிக்க ஒருவர் அரண்மனையைத் துறந்து போக வேண்டியிருந்தது. வேந்தர் அதே பாடத்தை ஏசி அறையில், அச்சிட்ட காகிதத்தில், முத்திரை குத்திக் கொடுக்கிறார்.

கருணையில் அவரை மிஞ்ச முடியாது. “இருபது வருஷம் பாரமா இருந்தா முப்பதா போட்டுக்கலாம் சார், மாசம் அஞ்சாயிரம் மிச்சமாகும்” என்று அவருடைய அமைச்சர் ஒருவர் என் அக்கா வீட்டு சோபாவில் அமர்ந்து, காபியை ஆற்றியபடி அருளினார். கணக்குப் போட்டுப் பார்த்தேன். மாதம் 4,945 ரூபாய் குறைகிறது, உண்மைதான். அதற்குக் கைம்மாறாக அவர் கூடுதலாகப் பெற்றுக்கொள்வது 34 லட்சத்து 26 ஆயிரம் ரூபாய் வட்டி மட்டுமே. முல்லைக்குத் தேர் கொடுத்த பாரி, தேருக்குத் தவணை போடத் தெரியாதவர், பாவம்.

அரசவைக்குள் நுழைவதற்கு முன்னுள்ள சடங்குகளும் அத்தனை சிறப்பு வாய்ந்தவை. விலையில் ஐந்தில் ஒரு பங்கை, அதாவது 12.5 லட்சத்தை, பக்தன் தன் கையிலிருந்து போட வேண்டும். அதற்கு மார்ஜின் என்று பெயர். என் அக்காவின் வளையல்கள் அந்த மார்ஜினுக்குள் எங்கோ இருக்கின்றன. பத்திரத்தில் முழு விலையையும் காட்டும் அளவுக்கு உத்தமனாக இருந்தால் முத்திரைத்தாளுக்கு 7 சதவீதம், பதிவுக்கு 2 சதவீதம், ஆக 5 லட்சத்து 62 ஆயிரத்து 500 ரூபாய் அரசாங்கத்துக்கு. அதற்கு வேந்தர் கடன் தரமாட்டார். பிறருடைய திறையில் கைவைக்காத பெருந்தன்மை. பிறகு ப்ராசஸிங் ஃபீஸ், தாய்ப்பத்திரத்தையும் வில்லங்கச் சான்றையும் புரட்டிப் பார்த்த வக்கீலுக்கு லீகல் ஒப்பினியன், சுவரைத் தட்டிப் பார்த்த மதிப்பீட்டாளருக்குத் தட்சணை, மூலப்பத்திரத்தை வேந்தரிடம் ஒப்படைத்ததற்குச் சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்.ஓ.டி. பதிவு. கடைசியாக, கேட்காமலே கிடைக்கும் பிரசாதமாக ஒரு காப்பீடு. அதன் பிரீமியத்தையும் கடனிலேயே சேர்த்துவிட்டதால் பையன் கைக்காசு போடவில்லை என்று மகிழ்ந்தான். 1 லட்ச ரூபாய் பிரீமியம் இந்த வட்டியில் இருபது ஆண்டு உறங்கி எழுந்தால் 2 லட்சத்து 8 ஆயிரமாக எழும். கும்பகர்ணன்கூட உறக்கத்தில் இவ்வளவு பெருத்ததாகக் கேள்விப்பட்டதில்லை.

வருமான வரிச் சலுகையை மறந்தால் நன்றி கொன்றவன் ஆவேன். முதல் ஆண்டில் வேந்தருக்கு வட்டியாக 4 லட்சத்து 21 ஆயிரம் சமர்ப்பித்தால், பழைய வரி முறையில் 2 லட்சம் வரை கழித்துக்கொள்ளலாம். உச்ச வரம்பில் இருப்பவருக்கு 62,400 ரூபாய் மிச்சம். இந்த மிச்சத்துக்காகவே கடன் வாங்கியதாகச் சொல்லும் ஆடிட்டர் நண்பர் ஒருவர் எனக்கு உண்டு. அவர் இப்போது புதிய வரி முறைக்கு மாறிவிட்டார். நாம் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு அதில் கழிவே கிடையாது. கடன் மட்டும் முறை மாறாமல் பழையபடியே இருக்கிறது.

என் சொந்த அனுபவத்தையும் சபையில் வைக்கிறேன். நான் வேந்தரைச் சரணடைந்தது 2021 மார்ச்சில். வங்கிகளுக்குத் தான் தரும் கடனுக்கான வட்டியை, அதாவது ரெப்போ விகிதத்தை, கொரோனாவுக்காக ரிசர்வ் வங்கி 4 சதவீதத்துக்கு இறக்கி வைத்திருந்த பொற்காலம். 50 லட்சம், 6.7 சதவீதம், இருபது ஆண்டு, தவணை 37,870. 2041 மே மாதம் எனக்குப் பணி ஓய்வு. அதற்கு இரண்டு மாதம் முன்பே கடன் தீர்ந்துவிடும் என்று விரல்விட்டு எண்ணித்தான் கையெழுத்திட்டேன். ‘மாறும் வட்டி’ என்று தாளில் இருந்தது. மாறுவதுதானே உலக இயல்பு?

2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ இரண்டரை சதவீதம் ஏறி 6.5-ஐத் தொட்டது. எனக்குக் கடன் கொடுத்த நிறுவனம் அந்த ஏற்றத்தைத் துளி சிந்தாமல், முழுதாக, 2023 மார்ச்சில் என் தலையில் முடிசூட்டியது. வட்டி 9.2. பாக்கி 47 லட்சத்து 45 ஆயிரம். அதற்கு மாத வட்டி மட்டும் 36,379. என் தவணை 37,870. ஆக, மாதம் 1,491 ரூபாய் வீதம் அசலைக் கரைத்துக்கொண்டு, மிச்சமிருந்த பதினெட்டு ஆண்டுகளை முப்பத்தைந்துக்கும் மேலாக நீட்டித் தரும் வாய்ப்பு எனக்கு இருந்தது. மார்க்கண்டேயருக்குக்கூட இத்தனை சுலபமாக ஆயுள் நீட்டிப்புக் கிடைக்கவில்லை. ஆனால் என் வயது இடம் கொடுக்கவில்லையாம். முடிந்தவரை ஐந்து ஆண்டுகளை நீட்டி, மீதியைத் தவணையில் ஏற்றி 41,410 ஆக்கினார்கள். கட்ட வேண்டிய மொத்தம் 91 லட்சமாக இருந்தது, 1 கோடியே 23 லட்சமாக வளர்ந்தது. வீடு ஒரு சதுர அடிகூட வளரவில்லை என்று குறைப்படுவது சிறுமை.

என்னிடம் எதையும் கேட்டு என் நேரத்தை வீணடிக்காத நாகரிகத்தை நான் வியக்காத நாளில்லை. ஒரே ஒரு குறுஞ்செய்தி, அதுவும் எல்லாம் முடிந்த பிறகு. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடனாளியைக் கேட்க வேண்டும் என ரிசர்வ் வங்கி ஒரு விதி செய்தது. அது 2023 ஆகஸ்டில். ஐந்து மாதம் முந்திக்கொண்ட வேந்தரின் சுறுசுறுப்பை என்னென்பது! 2025 பிப்ரவரிக்கும் ஜூனுக்கும் இடையில் ரெப்போ ஒரு சதவீதம் இறங்கியது. அந்த இறக்கம் என் வீட்டு வாசலுக்கு இன்னும் வந்து சேரவில்லை. விசாரித்தால், “கன்வர்ஷன் ஃபீஸ் கட்டுங்க சார், புது கஸ்டமர் ரேட் தர்றோம்” என்கிறார்கள். புது மாப்பிள்ளைக்குத் தலைவாழை இலை, பழைய மாப்பிள்ளைக்குப் பழையது என்பது நம் பண்பாடுதானே. அதைக் காப்பாற்றுவதற்கும் ஒரு நிறுவனம் வேண்டியிருக்கிறது.

கந்துவட்டிக்காரர்கள் வாசலில் நின்று கத்துவார்கள், நாகரிகம் அறியாதவர்கள். வேந்தர் அப்படியெல்லாம் செய்யமாட்டார். 90 நாள் தவணை தவறினால் கணக்கு வாராக்கடன் பட்டியலில் ஏறும். 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி 60 நாள் அவகாசத்துடன் ஓர் ஓலை வரும். அதன்பின் வீட்டைச் சுவாதீனம் எடுத்ததாக இரண்டு நாளிதழ்களில் அறிவிப்பு வரும். அவற்றில் ஒன்று வட்டார மொழி இதழாக இருக்க வேண்டும் என்பது விதி. வாழ்நாளில் ஒருமுறையும் பத்திரிகையில் பெயர் வராத எளியவரின் பெயரை, முகவரியோடும் பாக்கித் தொகையோடும் நல்ல தமிழில் அச்சேற்றும் இந்த மொழிப்பற்றுக்கு ஆட்சிமொழி விருது எதுவும் அளிக்கப்படாதது நம் காலத்தின் அவலம்.

இத்தகைய வேந்தருக்கும் துரோகிகள் உண்டு. வருஷத்துக்கு ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டி, இருபது ஆண்டில் மூன்றுக்கும் மேல் குறைத்துவிடும் விஷமிகள் அவர்கள். போனஸ் வந்தால் சோபா மாற்றாமல் அசலில் கொண்டுபோய்ப் போடுவார்கள். மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்னதாக அடைப்பவரிடம் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-இல் ரிசர்வ் வங்கி சொன்னதிலிருந்து இவர்களுக்குத் துணிச்சல் கூடிவிட்டது. போதாக்குறைக்கு, 2024 அக்டோபர் 1 முதல் எல்லாச் செலவையும் சேர்த்த ஆண்டு விகிதத்தையும் தவணை அட்டவணையையும் முக்கிய விவரத் தாளாகக் கடனாளிக்குக் கொடுத்தாக வேண்டும் என்று வேந்தரின் அடக்கத்தையே குலைக்கப் பார்த்தது அதே ரிசர்வ் வங்கி. குடிகளின் ராஜபக்தி காப்பாற்றியது. என் அக்கா மகனிடமும் அந்தத் தாள் வந்தது. பென்சிலால் பெருக்கல் குறி போட்ட இடங்களிலெல்லாம் கையெழுத்திட்டு, மடித்து, பூஜை அறையில் வைத்திருக்கிறான்.

சென்ற ஞாயிற்றுக்கிழமை வாசலுக்குப் பெயர்ப்பலகை செய்யக் கொடுத்துவிட்டு வந்தான். பித்தளையில், தேக்குச் சட்டத்தோடு, அவன் பெயரும் அவன் மனைவி பெயரும். மூலப்பத்திரம் வேந்தரின் பெட்டகத்தில் பத்திரமாக இருக்கிறது. இவனிடம் செராக்ஸ் இருக்கிறது. காபி குடித்துக்கொண்டே கேட்டான்: “உங்க லோன் எப்ப மாமா முடியுது?”

2046 மார்ச் 5. நான் ஓய்வு பெற்று நாலே முக்கால் வருஷம் ஆகியிருக்கும்.