ஹரியானா அரசின் கொடைத்திறம்

கைதிக்கும் வீடு உண்டு, நாள் கிழமை உண்டு என்பதை ஹரியானா அரசைப் போல் உணர்ந்த அரசு இந்தியாவில் உண்டா? பரோல் என்பது பிச்சை அல்ல, திருந்தி வாழ விரும்புகிறவனுக்கு வெளியுலகத்தோடு உள்ள உறவு அறுந்துபோகாமல் காக்கும் ஏற்பாடு என்று சிறைச் சீர்திருத்தம் பேசுகிறவர்கள் தொண்டை வற்றக் கத்தினோம். ஹரியானா கத்தவில்லை, செய்தே காட்டிவிட்டது. அங்கே 2022இல் வந்த சட்டம், நன்னடத்தையுள்ள கைதிக்கு ஆண்டுக்கு 10 வாரம் பரோலும் 3 வாரம் ஃபர்லோ என்னும் விடுப்பும் தருகிறது. நல்ல சட்டம், மனதாரப் பாராட்டுகிறேன்.

அந்த அரசின் தாராளத்தைக் குறைவில்லாமல் அனுபவித்தவர் தேரா சச்சா சௌதா என்னும் ஆன்மிக அமைப்பின் தலைவர் குர்மீத் ராம் ரஹீம். தன்னை நம்பி வந்த இரண்டு பெண் சீடர்களைப் பாலியல் வன்கொடுமை செய்ததற்காக 2017இல் 20 ஆண்டு தண்டனை பெற்றவர். அவரைக்கூடக் கைவிடாத அரசு அது. 2022 பிப்ரவரியில் 21 நாள், அக்டோபரில் 40 நாள், 2023 ஜனவரியில் மீண்டும் 40 நாள், 2024 ஜனவரியில் 50 நாள். வெளியே வந்தவருக்கு ஆபத்து நேர்ந்துவிடக் கூடாதே என்று 2022இல் இசட் பிளஸ் பாதுகாப்பும் கொடுத்தார்கள். வழிக்காவலுக்குப் போலீஸ் இல்லை என்று அங்கே யாரும் கைவிரிக்கவில்லை.

நாள் பார்த்துக் கொடுப்பதிலும் அந்த அரசுக்கு நிகரில்லை. முதல் 21 நாள், பஞ்சாப் சட்டமன்றத் தேர்தலின்போது. 2024 அக்டோபரில் கிடைத்த 20 நாள், ஹரியானா வாக்களிப்பதற்குச் சில நாள் முன்பு. 2025 ஜனவரியில் கிடைத்த 30 நாள், டெல்லித் தேர்தலுக்கு முன்பு. இத்தனை கச்சிதமாகக் கோப்பு நகர்த்தும் அலுவலகங்களை நம் நாட்டில் எங்கே பார்க்க முடியும்?

சிறைக்குப் போய்வந்தவனைச் சமூகம் ஒதுக்கும் என்ற கவலையையும் போக்கிவிட்டார்கள். 2023 ஜனவரியில் உத்தரப்பிரதேசத்தின் பர்னாவா ஆசிரமத்தில் அவர் வாளால் கேக் வெட்டிய காட்சியை நாடே பார்த்தது. முந்தைய அக்டோபரில் அவருடைய இணையவழிச் சத்சங்கத்தில் கர்னால் மேயரே கலந்துகொண்டார். மறுவாழ்வு என்றால் இதுதான். புகார் கொடுத்த அந்த இரண்டு பெண்களும் இவற்றையெல்லாம் பார்த்திருப்பார்கள்.

2024 பிப்ரவரியில் பஞ்சாப் - ஹரியானா உயர் நீதிமன்றம் ஒரு கேள்வி கேட்டது: இதுபோல் வேறு எத்தனை கைதிகளுக்குக் கொடுத்தீர்கள்?

இந்தப் பெருந்தன்மையை மகாராஷ்டிரமாவது கடன் வாங்கியிருக்கலாம். நாக்பூர் சிறையில் இருந்தார் பேராசிரியர் ஜி.என். சாய்பாபா. உடலில் 90 சதவீதம் ஊனம். சக்கர நாற்காலி இல்லாமல் அசைய முடியாது. 2020இல் அவருடைய தாய் புற்றுநோயோடு ஹைதராபாத்தில் மரணப்படுக்கையில் கிடந்தார். மகனைப் பார்க்க வேண்டும் என்பதே அவரது கடைசி ஆசை. பரோல் கிடைக்கவில்லை. ஆகஸ்ட் 1 அன்று தாய் இறந்தார். இறுதிச் சடங்குக்கும் அனுப்பவில்லை. 2024 மார்ச்சில் பம்பாய் உயர் நீதிமன்றம் அவரைக் குற்றமற்றவர் என்று விடுவித்தது. அதே ஆண்டு அக்டோபரில் அவரும் இறந்துபோனார். தேர்தல் வருகிற மாதமாகப் பார்த்து அந்தத் தாய் நோயில் விழுந்திருந்தாலும், சாய்பாபாவுக்குப் பின்னால் வாக்கு வங்கி இல்லையே!

ஆகவே ஹரியானா அரசுக்கு நன்றி சொல்லத்தான் வேண்டும். மனம் இருந்தால் மனு நகரும், காவல் நிலைய அறிக்கை வரும், பாதுகாப்புக்கு ஆளும் கிடைப்பார்கள் என்று சந்தேகமறக் காட்டிவிட்டீர்கள். புழலிலும் வேலூரிலும் மகளின் கல்யாணப் பத்திரிகையை மனுவோடு இணைத்துக் கொடுத்துவிட்டு, நன்னடத்தை அலுவலரின் அறிக்கை வரவில்லை என்ற பதிலையே கேட்டுத் திரும்பும் குடும்பங்கள் இனி உங்களைச் சாட்சிக்கு அழைக்கலாம். வன்கொடுமைக் குற்றவாளிக்கு முடிந்தது, கூலிக்காரன் மகனுக்கு ஏன் முடியாது என்று எந்த நீதிமன்றத்திலும் கேட்கலாம். அந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டிய முதல் ஆளும் நீங்கள்தான்.